சஸ்பென்ஷன் ஆர்டரும் மூன்று மாதக் கணக்கும்: ஒரு சிறு வரலாறு

அரசாணைத் தமிழில் இதன் பெயர் 'தற்காலிகப் பணிநீக்கம்'. பத்திரிகைக்காரர்களுக்கு 'பணியிடை நீக்கம்'. மதுரையில் ஆபீஸ், டீக்கடை, பஸ் டெப்போ எங்கே போனாலும் 'சஸ்பெண்டு'தான். முதல் ரெண்டு பெயரிலும் 'நீக்கம்' என்ற சொல் இருக்கு பாருங்க. வேடிக்கை என்னன்னா, இது நீக்கமே இல்லை என்று சுப்ரீம் கோர்ட் 1957-லேயே சொல்லிவிட்டது. தண்டனையும் இல்லை என்கிறது சட்டம். விசாரணை முடியும்வரை ஊழியரைக் கொஞ்சம் தள்ளி நிற்கச் சொல்வது, அவ்வளவுதான்.

ஊர் அப்படிப் பார்ப்பதில்லை. ஆர்டர் கையில் வந்த அன்று சாயங்காலமே தெருவில் தீர்ப்பு எழுதியாகிவிடும். பாதிச் சம்பளம், ஊரைவிட்டுப் போக அனுமதி கேட்கணும், வேறு வேலை பார்க்கக் கூடாது, பொண்ணுக்கு வந்த சம்பந்தம் நின்றுபோகும். இப்படி ஒன்று மூன்று மாசம் இருக்கலாமா, மூன்று வருஷம் இருக்கலாமா, பதினொரு வருஷம் இருக்கலாமா? யார் அதற்கு எல்லை போட்டது, எப்போது போட்டது? இந்தக் கேள்விக்காகக் கொஞ்ச நாளாக எடுத்துவைத்த குறிப்புகளைத்தான் இங்கே தொகுத்திருக்கிறேன்.

கச்சேரிக் காலம்

கம்பெனி காலத்துக் கலெக்டர் கச்சேரியில் வேலை பார்த்த சிரஸ்தார், தாசில்தார், குமாஸ்தா எல்லாருக்கும் வேலை என்பது துரையின் தயவு. சட்டத்தில் இதற்கு ஒரு கோட்பாடே உண்டு: அரசர் விரும்பும்வரை பதவி. இன்றைய அரசியல் சாசனத்தின் 310-வது பிரிவில் அதன் மிச்சம் இருக்கிறது.

1850-ல் 37-வது சட்டமாக அரசு ஊழியர் விசாரணைச் சட்டம் வந்தது. குற்றச்சாட்டை எழுத்தில் கொடுக்கணும், சாட்சி விசாரிக்கணும், எதிர்வாதம் கேட்கணும் என்ற முறை அதில்தான் தெளிவாகப் பதிவாகிறது. ஆனால் அது அரசின் அனுமதியில்லாமல் நீக்க முடியாத பெரிய பதவிக்காரர்களுக்கு. கச்சேரிக் குமாஸ்தாவுக்கு அந்தப் பாதுகாப்பு கிடையாது.

கீழ்மட்டத்து ஆட்கள் எல்லாரும் அப்பாவிகள் என்றும் நினைத்துவிட வேண்டாம். 1855-ல் வெளிவந்த சென்னை மாகாணச் சித்திரவதை விசாரணைக் கமிஷன் அறிக்கை, வரி வசூலுக்காக வருவாய், போலீஸ் சேவகர்கள் குடியானவர்களை எப்படி வதைத்தார்கள் என்று பக்கம் பக்கமாகச் சொல்கிறது. அதன் பிறகுதான் 1859-ல் சென்னை மாகாணத்துக்குத் தனிப் போலீஸ் சட்டம் வந்தது. ஆக, தவறு செய்கிற அரசு ஊழியரைப் பதவியிலிருந்து உடனே தள்ளி வைக்கும் அதிகாரம் மக்களுக்கும் தேவையான ஒன்றுதான். அந்த அதிகாரத்துக்குக் கடிவாளம் உண்டா என்பதுதான் கேள்வி.

அந்தக் காலத்தில் சஸ்பென்ஷன் நேரடியான தண்டனையாகவே இருந்தது. 1861-ம் வருஷ இந்தியப் போலீஸ் சட்டத்தின் 7-வது பிரிவில் டிஸ்மிஸ் செய்வது, சஸ்பெண்ட் செய்வது, பதவி குறைப்பது மூன்றும் ஒரே மூச்சில் வரும். கிராமத்துக் கர்ணம், மணியக்காரர்களுக்கு 1895-ம் வருஷப் பரம்பரை கிராம உத்தியோகச் சட்டம். மேலூரிலோ திருமங்கலத்திலோ ஒரு கர்ணத்துக்கு வருவாய் அதிகாரிகள் அபராதம் போடலாம், சஸ்பெண்ட் செய்யலாம், நீக்கலாம். (1980 நவம்பரில் எம்.ஜி.ஆர். அரசு அந்தப் பதவிகளையே ஒழித்தது. வி.ஏ.ஓ. வந்த கதை அதுதான். அதைத் தனியாக எழுதணும்.) 1930-ம் வருஷ சிவில் சர்வீஸ் விதிகளில் 49-வது விதி தண்டனைகளை வரிசையாகப் பட்டியல் போடுகிறது. கண்டனம், இன்கிரிமென்ட் நிறுத்தம் என்று தொடங்கும் அந்தப் பட்டியலிலும் சஸ்பென்ஷன் ஒரு தண்டனை.

சென்னையிலிருந்து லண்டன் போன ரெண்டு வழக்கு

1936-ல் லண்டன் பிரிவி கவுன்சிலில் சென்னை மாகாணத்து வழக்குகள் ரெண்டு ஒரே காலத்தில் தீர்ப்பாயின. ஒன்று, வெங்கட ராவ் என்ற அரசு அச்சகப் பணியாளரின் வழக்கு. விதிப்படி விசாரணை நடக்கவில்லை என்பது நிஜம்தான், ஆனால் அதற்காக வழக்குப் போட உரிமை இல்லை, விதிகளைக் காப்பாற்றுவது அரசின் பொறுப்பு, நீ அரசிடமே முறையிட்டுக்கொள் என்று சொல்லிவிட்டார்கள். இன்னொன்று, ரங்காச்சாரி என்ற சப்-இன்ஸ்பெக்டரின் வழக்கு. நியமித்த அதிகாரிக்குக் கீழே உள்ளவர் நீக்கியது செல்லாது என்றார்கள். காரணம், அந்தப் பாதுகாப்பு வெறும் விதியில் மட்டும் இல்லாமல் 1919-ம் வருஷச் சட்டத்திலேயே இருந்தது.

பாடம் தெளிவு: விதியில் இருப்பது கருணை, சட்டத்தில் இருப்பது உரிமை. 1935 சட்டத்தின் 240-வது பிரிவும், அதன் வழியாக 1950-ல் அரசியல் சாசனத்தின் 311-வது பிரிவும் வந்தது இந்தப் பின்னணியில். குற்றச்சாட்டைச் சொல்லி, பதில் சொல்ல நியாயமான வாய்ப்புக் கொடுக்காமல் டிஸ்மிஸ் செய்யக் கூடாது, பணிநீக்கம் செய்யக் கூடாது, பதவி குறைக்கக் கூடாது. மூன்று சொல். நான்காவதாக சஸ்பென்ஷன் இல்லை.

அந்த இடைவெளி வழியாகத்தான் முகமது கௌஸ் வழக்கு வந்தது. அவர் பழைய சென்னை மாகாணத்து நீதித்துறை அதிகாரி. சஸ்பென்ஷனும் 311-க்குள் வரும் என்பது வாதம். வராது, விசாரணை முடியும்வரை ஒதுக்கிவைப்பது நீக்கம் ஆகாது என்று 1957-ல் சுப்ரீம் கோர்ட் முடித்துவிட்டது. அன்றிலிருந்து இன்றுவரை ஒரு சஸ்பென்ஷன் ஆர்டர் போட முன்கூட்டி நோட்டீஸ் வேண்டாம், விளக்கம் கேட்க வேண்டாம்.

பிறகு பல்வந்த்ராய் படேல் வழக்கில் ஒரு முக்கியமான பிரிவினை வந்தது. சஸ்பென்ஷனில் மூன்று வகை: தண்டனையாக, விசாரணைக்காக, வேலை பார்க்க வேண்டாம் என்று சும்மா நிறுத்திவைப்பதாக. விதியில் அதிகாரம் இருந்தால்தான் சம்பளத்தைக் குறைக்கலாம். அதிகாரம் இல்லையென்றால், வேலைக்கு வராதே என்று சொல்லலாம், சம்பளத்தை முழுசாகக் கொடுத்துத்தான் ஆகணும். எல்லை போடும் வேலை இங்கே சம்பளத்திலிருந்துதான் தொடங்குகிறது.

பிழைப்பூதியம்

சஸ்பெண்ட் ஆனவருக்குக் கொடுப்பது பிழைப்பூதியம். எவ்வளவு நேர்மையான சொல்! பிழைத்துக்கிடக்க ஊதியம். அடிப்படை விதி 53-ன்படி மத்திய அரசு ஊழியருக்குப் பாதிச் சம்பள விடுப்பில் இருந்தால் கிடைக்கும் தொகை, அதற்கு உண்டான பஞ்சப்படி. மூன்று மாசம் தாண்டினால், தாமதத்துக்கு ஊழியர் காரணமில்லையென்றால் அந்தத் தொகையில் பாதிவரை கூட்டலாம். அவரே இழுத்தடித்தால் பாதிவரை குறைக்கலாம். உதாரணத்துக்கு, அடிப்படைச் சம்பளம் 40,000 என்றால் முதலில் 20,000, பிறகு 30,000 வரை. வேறு எங்கும் வேலை பார்க்கவில்லை என்று சான்று எழுதிக் கொடுக்கணும். வீட்டு லோன் தவணை மட்டும் பாதியாகக் குறையாது.

இந்தப் பணத்தைக் கொடுக்காவிட்டால் என்ன ஆகும்? மத்தியப் பிரதேசத்தில் ஒரு வனத்துறை ரேஞ்சர். குடியிருந்தது ரேவா. விசாரணை நடந்தது ஜக்தல்பூரில், சுமார் 500 கிலோமீட்டர் தள்ளி. பிழைப்பூதியம் வராததால் போக முடியவில்லை. அவர் இல்லாமலேயே விசாரணை முடிந்து டிஸ்மிஸ். 1973-ல் சுப்ரீம் கோர்ட் அதைத் தள்ளுபடி செய்தது. கையில் காசில்லாதவனை அவ்வளவு தூரம் வரச் சொல்லி, வரவில்லை என்று முடிவு கட்டினால் அது வாய்ப்புக் கொடுத்ததாகாது. 1983-ல் மகாராஷ்டிரத்து வழக்கு ஒன்று. கீழ்க்கோர்ட்டில் தண்டனை பெற்று அப்பீல் நிலுவையில் இருக்கும்போது மாசம் ஒரு ரூபாய் பிழைப்பூதியம் என்று ஒரு விதி! ஒரு ரூபாயில் எவன் பிழைப்பான் என்று கேட்டு அதையும் ரத்து செய்தார்கள்.

நம் ஆட்களுக்கு நெருக்கமான வழக்கு 1999-ல் வந்தது. தமிழர்கள் தலைமுறை தலைமுறையாக உழைத்த கோலார் தங்கவயலில் பாரத் கோல்டு மைன்ஸ் என்ற மத்திய பொதுத்துறை நிறுவனம். அதன் பாதுகாப்பு அதிகாரி பால் அந்தோணியின் வீட்டில் 1985-ல் தங்கம் கலந்த மண் பிடிபட்டதாகக் குற்றச்சாட்டு. பிழைப்பூதியம் கொடுக்காமல், அவர் இல்லாமல் துறை விசாரணை நடத்தி டிஸ்மிஸ் செய்தார்கள். அதே குற்றச்சாட்டில் கிரிமினல் கோர்ட் அவரை விடுதலை செய்தது. அரசு வேலையில் சேர்ந்ததால் ஒருவன் மனிதன் என்ற உரிமையை அடகுவைத்துவிடவில்லை என்பதுதான் தீர்ப்பின் சாரம். பிழைப்பூதியம் மறுப்பது வாழும் உரிமையையே மறுப்பதாகும், அதாவது 21-வது பிரிவு.

இங்கே மதுரை டெப்போக்களைச் சொல்லாமல் போக முடியாது. டி.வி.எஸ். பஸ்கள் தேசியமயமாகி 1972-ல் பாண்டியன் ரோடுவேஸ் உருவானது. கண்டக்டரும் டிரைவரும் அரசாங்க வேலை என்றுதான் ஊர் சொல்லும். சட்டப்படி அவர்கள் கார்ப்பரேஷன் தொழிலாளர்கள். 311-வது பிரிவு அவர்களுக்கு இல்லை. டிக்கெட் கொடுக்காமல் காசு வாங்கியதாகச் செக்கிங் இன்ஸ்பெக்டர் எழுதினாலோ, விபத்தில் உயிர்ச்சேதம் ஆனாலோ சஸ்பென்ஷன். அவர்களுக்குத் துணை நின்றது தொழிலாளர் சட்டம். 1982-ல் மத்திய நிலையாணைச் சட்டத்தில் சேர்ந்த 10-ஏ பிரிவு முதல் 90 நாள் பாதி, பிறகு முக்கால் சம்பளம் என்றது. தமிழ்நாட்டில் அதற்கு முன்பே, 1981-ல் பிழைப்பூதியச் சட்டம் வந்துவிட்டது. 90 நாள்வரை பாதி, 180 நாள்வரை முக்கால், அதற்கு மேல் தாமதம் ஊழியரால் இல்லையென்றால் முழுச் சம்பளம். நிர்வாகம் இழுத்தடித்தால் அதன் செலவு நிர்வாகத்துக்கு என்பது இந்தச் சட்டத்தின் எளிமையான தர்க்கம்.

90 நாள் எங்கிருந்து வந்தது

பணத்துக்கு எல்லை வந்தாச்சு. காலத்துக்கு? 1987-ல் ஓ.பி. குப்தா வழக்கு தீர்ப்பானபோது வெளியே தெரிந்த சேதி: அந்த எஞ்சினியர் சஸ்பென்ஷனில் இருந்தது பதினொரு வருஷம். இதைத் தண்டனை இல்லை என்று எந்த வாயால் சொல்வது? நீண்டுபோன சஸ்பென்ஷன் தண்டனைக்குச் சமம்தான் என்று கோர்ட்டே சொன்னது. 1994-ல் ஒரிசா வழக்கொன்றில், குற்றச்சாட்டின் கனத்தையும் சாட்சியத்தையும் பார்க்காமல் வழக்கமான சடங்குபோல சஸ்பெண்ட் செய்யக் கூடாது என்றார்கள்.

பிறகு மத்திய அரசே தன் விதியைத் திருத்தியது. 10-வது விதியில் சேர்த்தபடி, சஸ்பென்ஷன் போட்ட 90 நாளுக்குள் மறுஆய்வு நடந்து நீட்டிப்பு ஆர்டர் வரணும், இல்லையென்றால் சஸ்பென்ஷன் தானாகச் செத்துப்போகும். ஒரு தடவைக்கு 180 நாளுக்கு மேல் நீட்டவும் கூடாது. 2009-ல் தீபக் மாலி வழக்கில் சுப்ரீம் கோர்ட் இதை அட்சரசுத்தமாக அமல்படுத்தியது. ஒரு நாள் தாமதமாக நீட்டினாலும் உயிர் திரும்பாது.

2015 பிப்ரவரி 16-ல் அஜய்குமார் சௌத்ரி வழக்கு. தீர்ப்பளித்த இருவர் விக்ரம்ஜித் சென், சென்னை உயர்நீதிமன்றத்திலிருந்து போன சி. நாகப்பன். ராணுவ எஸ்டேட் அதிகாரி ஒருவர் 2011-ல் சஸ்பெண்ட் ஆகி, நீட்டிப்புக்கு மேல் நீட்டிப்பு. நீதிபதிகள் ஒரு ஒப்பீடு செய்தார்கள். கொலைக் குற்றத்தில் பிடிபட்டவருக்கே 90 நாளில் குற்றப்பத்திரிகை வராவிட்டால் ஜாமீன் உரிமை உண்டு. ஆபீஸ் குற்றச்சாட்டில் சிக்கியவருக்கு அதுகூட இல்லையா? ஆகவே மூன்று மாசத்துக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுக்கணும். கொடுத்துவிட்டால், நீட்டிக்கக் காரணம் எழுதி ஆர்டர் போடணும். சாட்சியைக் கலைப்பார் என்ற பயம் இருந்தால் வேறு ஊருக்கு, வேறு ஆபீஸுக்கு மாற்றிக்கொள். இதில் ஒரு சோகம், வழக்குப் போட்டவருக்கு அதற்குள் குறிப்பாணை கொடுத்துவிட்டதால் அந்தத் தீர்ப்பு அவருக்கே பயன்படவில்லை. ஊருக்கெல்லாம் பயன்பட்டது.

மேலூர் ரோட்டில்

2004 ஜூலை 24-ல் உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உலகனேரியில் திறக்கப்பட்டது. அதற்கு முன்னால் ராமநாதபுரத்திலோ கன்னியாகுமரியிலோ சஸ்பெண்ட் ஆனவர் சென்னைக்குத்தான் போகணும். 1988-ல் வந்த மாநில நிர்வாகத் தீர்ப்பாயமும் இருந்தது சென்னையில்தான். மதுரையிலிருந்தே 450 கிலோமீட்டருக்கு மேல். ரேவா ரேஞ்சரின் 500 கிலோமீட்டர் ஞாபகம் வருதா? பாதிச் சம்பளத்தில், தலைமையிடத்தை விட்டுப் போக அனுமதி வாங்கி, பஸ் ஏறி, வக்கீல் பீஸ் கட்டி. நிறையப் பேர் சும்மா காத்துக்கிடந்தார்கள். மதுரைக் கிளை வந்தபோது பேசப்பட்ட பெரிய விஷயங்களுக்கு நடுவில் இந்தச் சின்ன விடுதலையை யாரும் எழுதவில்லை.

தமிழ்நாடு அரசு ஊழியருக்கு விதி 17. ஆபீஸ் பேச்சில் '17 ஏ' என்றால் சின்னத் தண்டனை, '17 பி' என்றால் பெருந்தண்டனை, '17 ஈ' என்றால் சஸ்பென்ஷன். கடுமையான குற்றச்சாட்டில் விசாரணை நடந்தால், அல்லது நடத்த உத்தேசித்திருந்தால் போடலாம். கிரிமினல் புகார் விசாரணையிலோ வழக்கிலோ இருந்து, பொதுநலனுக்கு அவசியம் என்றாலும் போடலாம். 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தால் தானாகவே சஸ்பென்ஷன். இந்த 48 மணி நேரம் லஞ்சம் வாங்கியவருக்கும் போராட்டத்தில் கைதானவருக்கும் ஒன்றுதான். 2019 ஜனவரி ஜாக்டோ-ஜியோ வேலைநிறுத்தத்தில் ரிமாண்ட் ஆன வாத்தியார்களைக் கேட்டால் தெரியும்.

ஆனால் மத்திய அரசு விதியில் உள்ள தானாகக் காலாவதியாகும் 90 நாள் இந்த 17 ஈ-யில் இல்லை. ஒரே மதுரை. பீபிகுளம் வருமானவரி ஆபீஸ் கிளார்க்குக்கு 90-வது நாள் ஒரு வாசல். கலெக்டர் ஆபீஸ் கிளார்க்குக்கு அது ஒரு தேதி மட்டும். 2015 தீர்ப்பைக் காட்டி, மூன்று மாசம் முடிந்ததால் என் சஸ்பென்ஷன் ரத்து என்று வழக்குகள் குவிந்தன. ஒரு நீதிபதி ஆமாம் என்பார், இன்னொருவர் இல்லை என்பார். கடைசியில் 2022 மார்ச்சில் பி. கண்ணன் வழக்கில் சென்னை உயர்நீதிமன்ற முழு அமர்வு முடிவு சொன்னது: மூன்று மாசம் முடிந்தவுடன் தானாக ரத்தாகாது, ஒவ்வொரு வழக்கின் தன்மையையும் பார்த்துத்தான் சொல்லணும்.

அதற்கு முன் 2018-ல், திருப்பூர் பாசி நிதிநிறுவன வழக்கில் சிக்கிய முன்னாள் மேற்கு மண்டல ஐ.ஜி.யின் சஸ்பென்ஷன் சுப்ரீம் கோர்ட்டில் வந்தது. ஆறு வருஷத்துக்கு மேல் தள்ளி வைத்தாகிவிட்டது, இனியும் நீட்டுவதில் பயனில்லை, முக்கியத்துவம் இல்லாத பதவியில் போட்டுக்கொள்ளுங்கள் என்றார்கள்.

ஓய்வு நாள் என்ற ஆயுதம்

தமிழ்நாட்டில் இன்னொரு பழக்கம் வேரூன்றியிருந்தது. மாலையிட்டு வழியனுப்ப எல்லாரும் காத்திருக்கும் கடைசி நாள் சாயங்காலம் சஸ்பென்ஷன் ஆர்டர் வரும். சஸ்பென்ஷனில் இருப்பவரை ஓய்வுபெற விடமாட்டார்கள், அடிப்படை விதி 56 அப்படி. பென்ஷன் பலன்கள் தொங்கும். முப்பது வருஷமாக எடுக்காத பைலை முப்பதாம் தேதி எடுப்பார்கள். 2021 செப்டம்பரில் முதலமைச்சர் சட்டசபையில், ஓய்வுபெறும் நாளில் சஸ்பெண்ட் செய்யும் நடைமுறை கைவிடப்படும் என்று அறிவித்தார். கோர்ட் சொல்லாமல் அரசே தனக்குப் போட்டுக்கொண்ட எல்லை என்பதால் இது முக்கியம்.

அந்தப் பக்கம்

ஊழியர் பக்கம் மட்டும் பேசினால் இந்த வரலாறு பாதிதான். 2025 ஜூனில் திருப்புவனம் பக்கத்தில் மடப்புரம் கோயில் காவலாளி போலீஸ் விசாரணையில் அடிபட்டு இறந்தார். காவலர்கள் சஸ்பெண்ட் என்பதுதான் முதலில் வந்த சேதி. அங்கே நோட்டீஸ் கொடுத்து விளக்கம் கேட்டுக்கொண்டிருக்க முடியுமா? முடியாது. கூடவும் கூடாது. சீருடையோடு ஒருவர் ஸ்டேஷனில் உட்கார்ந்திருக்கும்போது எந்தச் சாட்சி வாய் திறப்பான்?

ஆனால் சஸ்பெண்ட் செய்தாச்சு என்ற ஒரு சொல்லோடு ஊரும் பத்திரிகையும் திருப்தியாகிவிடுவதைத்தான் நான் பயப்படுகிறேன். சூடு ஆறும். விசாரணை நகராது. அப்புறம் தாமதமே குற்றவாளிக்குக் கேடயமாகிவிடும். தமிழ்நாடு வீட்டுவசதி வாரிய எஞ்சினியர் மகாதேவன் வழக்கே சாட்சி: 1990-ல் நடந்ததாகச் சொன்ன முறைகேட்டுக்கு 2000-ல் குறிப்பாணை. பத்து வருஷத் தாமதத்துக்கு விளக்கம் இல்லை என்று 2005-ல் சுப்ரீம் கோர்ட் குறிப்பாணையையே ரத்து செய்தது. அவர் தவறு செய்தாரா இல்லையா என்பது யாருக்கும் தெரியாமலே போனது. நிரபராதி என்றால் பத்து வருஷக் கறை. குற்றவாளி என்றால் பத்து வருஷ லாபம். ரெண்டு விதத்திலும் தோற்றது பொதுஜனம்.

அதனால் கால எல்லை ஊழியருக்குக் காட்டும் சலுகை என்று நான் நினைக்கவில்லை. விசாரிக்கிறேன் என்று சொன்ன அரசை விசாரிக்க வைக்கும் ஒரே கருவி அதுதான். 17 ஈ-யிலும் மத்திய விதிபோல ஒரு மறுஆய்வுத் தேதியை எழுதிச் சேர்த்துவிட்டால் பாதி வழக்கு மேலூர் ரோட்டுக்கு வராது. 1936-ல் சொன்னதை மறக்க வேண்டாம்: தீர்ப்பில் கிடைத்தது அடுத்த தீர்ப்பில் போகலாம். விதியில் எழுதினால் கொஞ்சம் நிற்கும், சட்டத்தில் எழுதினால்தான் உரிமை.

கடைசியாக ஒன்று. யாராவது கையில் ஆர்டரோடு வந்து "அண்ணே, இப்ப என்ன செய்ய?" என்று கேட்டால் ஒரு தாளில் நான்கு தேதி எழுதி வைக்கச் சொல்லுங்கள். ஆர்டர் கையில் வந்த நாள். முதல் பிழைப்பூதியம் வந்த நாள். குறிப்பாணை வந்த நாள். மறுஆய்வு கேட்டு மனுக் கொடுத்த நாள், அதற்கு ஒப்புகைச் சீட்டோடு. இந்த வழக்குகளில் ஜெயித்தவர்கள் பெரும்பாலும் நான் நல்லவன் என்று நிரூபித்து ஜெயிக்கவில்லை. தேதிகளை வைத்துத்தான் ஜெயித்தார்கள்.